மீனுக்கு எதுக்கு அவ்வளவு நேரம்?



இந்த வார எபிசோடில் லீப் செகண்ட் பற்றிப் பேசிக்கொண்டிருந்தபோது, "நேரத்தை விவசாயம் பண்ற மடம் ஒண்ணு இருக்கு, அதை நியூஸ்லெட்டர்ல எழுதறேன்"னு சொல்லிட்டுத் தாண்டிப் போயிட்டேன். பாதிப் பேர் அதை ஜோக்குன்னு நினைச்சிருப்பீங்க. ஜோக்தான். ஆனா அந்த ஜோக்குக்குள்ள ஒரு முழு சிஸ்டம் டிசைன் இருக்கு.

விஷயம் இதுதான். மலைகளுக்கு நடுவே யாருக்கும் தெரியாத ஒரு பள்ளத்தாக்கு. அதில் ஒரு மடம். காவி கட்டிய துறவிகள். அவர்கள் கும்பிடுவதும் உழைப்பதும் காலத்துக்காக. நேரம் சும்மா கிடக்கிற இடத்திலிருந்து அதை எடுத்துச் சேமித்து, நேரம் போதாமல் அல்லாடுகிற இடத்துக்கு அனுப்புவார்கள். ஆழ்கடலில் ஒரு காட் மீன் நீந்துகிறது. அதற்கு நாள் முழுக்க அப்படி என்ன அவசரம்? கொஞ்சம் எடுத்துக்கொண்டால் அதற்குத் தெரியவா போகிறது? எடுத்து நகரத்துக்குப் பாய்ச்சு. இதுதான் அவர்களுடைய அன்றாடப் பூஜை.

நம்ம ஊர்க்காரர்களுக்கு இது புரிய அஞ்சு நிமிஷம் கூட ஆகாது. தென் மாவட்டங்களில் கண்மாய்த் தண்ணியைப் பங்கு போட்டு விட நீர்க்கட்டின்னு ஒருத்தர் இருப்பார். இன்னிக்கு இந்த வயலுக்கு, நாளைக்கு அந்த வயலுக்குன்னு மடையைத் திறந்து அடைக்கிறது அவர் பொறுப்பு. முறைப்பாசனம். கம்ப்யூட்டர் சயின்ஸ் படிச்சவங்க அதை ரவுண்ட் ராபின் ஷெட்யூலிங்னு ஆபரேட்டிங் சிஸ்டம்ஸ் பேப்பர்ல எழுதி மார்க் வாங்கியிருப்பீங்க. அந்த மடத்துத் துறவிகள் காலத்தின் நீர்க்கட்டிகள்.

மடத்தை மேப்பில் தேட வேண்டாம். டெர்ரி பிராட்செட் என்ற இங்கிலாந்து எழுத்தாளர் உருவாக்கியது அது. 2001இல் வந்த 'தீஃப் ஆஃப் டைம்' நாவலில் அதை முழுசாக விரித்துக் காட்டினார். டிஸ்க்வேர்ல்ட் வரிசையில் அது 26ஆவது. பெயர் கேள்விப்பட்டதில்லைன்னு சொல்றவங்க கூட அவரை வேலையில் கடந்து வந்திருக்கலாம். சில வெப்சைட்களின் ஹெச்டிடிபி ரெஸ்பான்ஸைப் பார்த்தால் 'எக்ஸ்-க்ளாக்ஸ்-ஓவர்ஹெட்' என்று ஒரு ஹெடர் வரும், பக்கத்தில் 'ஜிஎன்யூ டெர்ரி பிராட்செட்' என்று இருக்கும். 2015இல் அவர் இறந்தபோது டெவலப்பர்கள் சேர்ந்து ஆரம்பித்த பழக்கம். அவருடைய இன்னொரு நாவலில், தந்திக் கம்பத் தொழிலாளிகள் இறந்துபோன சக ஊழியரின் பெயரை லைனில் ஓடவிட்டுக்கொண்டே இருப்பார்கள். அதிலிருந்து எடுத்தது. ஒரு எழுத்தாளருக்கு சர்வர்கள் திவசம் கொடுக்கிறது வேற எங்கேயும் நடந்ததா எனக்குத் தெரியல.

சரி, மதத்துக்கு வருவோம். ஸ்தாபகர் பெயர் வென். எப்போதும் ஆச்சரியப்பட்டுக்கொண்டே இருப்பவர் என்பது அவருடைய பட்டம். காரணம் அவர் கண்டுபிடித்த தத்துவம்: ஒவ்வொரு கணமும் பிரபஞ்சம் அழிந்து புதிதாகப் பிறக்கிறது. நேற்று என்று ஒன்று கிடையாது, நேற்றைப் பற்றிய ஞாபகத்தோடு இப்போதுதான் எல்லாம் உண்டானது. அப்படியிருந்தால் கண்ணைத் திறக்கும் ஒவ்வொரு முறையும் ஆச்சரியப்படுவதுதானே நியாயம்? பௌத்தத்தில் கணபங்கம் என்று இதற்கு நெருக்கமான கொள்கை இருக்கிறது. நம்ம சிவஞான சித்தியாரின் பரபக்கம் அதை எடுத்துவைத்து மறுக்கிறது. ஆக தமிழில் பல நூறு வருஷமா இதுக்குச் சண்டை போட்டிருக்கோம். பிராட்செட் அதை ஒரு காமெடி நாவலின் முதல் சில பக்கங்களில் வைத்துவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கப் போய்விடுகிறார்.

மடத்தின் தலைவர் திரும்பத் திரும்பப் பிறப்பவர். கதை நடக்கும்போது அவர் கைக்குழந்தை, பல் முளைக்கிற சமயம். ஆழமான உத்தரவு ஒன்றைச் சொல்லிக்கொண்டே நடுவில் பிஸ்கட் கேட்டு அழுவார். கேம் விளையாடுறவங்களுக்கு ஒரு விருந்தும் உண்டு. கதையில் வருகிற எட்டிகள் தங்கள் உயிரை ஒரு இடத்தில் 'சேவ்' பண்ணிவிட்டு ஆபத்தில் இறங்குவார்கள். தலை போனால் சேவ் பண்ண இடத்திலிருந்து மறுபடி ஆரம்பம்.

இவங்க எல்லாரையும் விட எனக்குப் பிடிச்சவர் லூ-ட்சே. மடத்தின் துப்புரவுப் பணியாளர். வயசு சுமார் 800. பொழுதுபோக்கு, போன்சாய் மலை வளர்ப்பது; மரம் இல்லை, மலை. வரலாற்றின் பெரிய திருப்பங்களில் எல்லாம் ஓரமாக ஒரு கிழவர் தரை கூட்டிக்கொண்டிருப்பார். துடைப்பம் வைத்திருப்பவனை யாரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை என்பதால் அவருக்கு எங்கேயும் அனுமதி உண்டு. ஆபீஸில் ஆக்சஸ் கார்டு பாலிசி எழுதுபவர்கள் இதைப் படிக்கணும்.

இவர் எங்கே ஞானம் பெற்றார் என்பதுதான் நாவலின் நல்ல குறும்பு. தூரத்து நகரமான ஆங்க்-மார்ப்போர்க்கிலிருந்து ஆட்கள் ஞானம் தேடி மலைக்கு வந்துகொண்டே இருக்கிறார்கள். அப்படின்னா ஞானம் இங்கேயா இருக்கும்? ஆட்கள் கிளம்பி வருகிற ஊரில் அல்லவா ஏதோ இருக்கணும்? என்று யோசித்து லூ-ட்சே நகரத்துக்குப் போய், மிஸஸ் காஸ்மோபிலைட் என்ற அம்மா வீட்டில் வாடகைக்குத் தங்குகிறார். அந்த அம்மா வாய்க்கு வந்தபடி சொல்கிற வீட்டுப் பழமொழிகள்தான் அவருடைய வேதம். ஆசிய மடம், காவி, குங்ஃபூ என்று எடுத்தால் வெள்ளைக்கார எழுத்தாளர்கள் வழக்கமாக என்ன செய்வார்கள் என்று நமக்குத் தெரியும். பிராட்செட்டும் அந்தப் பழைய சாமான்களை எல்லாம் எடுக்கிறார், சில இடத்தில் எனக்கு நெருடலாகவும் இருந்தது. ஆனால் இந்த ஒரு திருப்பத்தில் முழுக் கணக்கையும் தலைகீழாக்கிவிடுகிறார்.

இப்போ மெஷின் ரூமுக்குள் போவோம். துறவிகள் நேரத்தைச் சேமிக்கிற கருவிக்குப் பெயர் ப்ரோக்ராஸ்டினேட்டர். தள்ளிப்போடுவது என்ற சொல்லிலிருந்து வந்தது. பெரிதும் சிறிதுமாக வரிசையாக நிற்கும் உருளைகள். அவை சுழலும்போது நேரம் நூல்கண்டு மாதிரி அவற்றில் சுற்றிக்கொள்ளும், எதிர்ப்பக்கம் சுழன்றால் பிரிந்து வெளியே போகும். சதா சுழற்சி, சதா பேலன்சிங். முதுகில் மாட்டிக்கொள்ளும் போர்ட்டபிள் மாடலும் உண்டு. அதை முறுக்கிவிட்டால் உலகம் உறைந்து நிற்கும், நீங்கள் மட்டும் நடந்து போகலாம். இதை அவர்கள் நேரத்தை 'ஸ்லைஸ்' பண்றதுன்னு சொல்வாங்க. ஒரே ப்ராசஸரை நூறு ப்ரோகிராம்களுக்குக் கொஞ்சம் கொஞ்சமாக நறுக்கிக் கொடுப்பதற்கு நாம் வைத்திருக்கிற அதே வார்த்தை.

கதையில் ஒரு இடத்தில் இந்த உருளைகள் ஒன்றன்பின் ஒன்றாகத் தறிகெட்டு ஓடும். ஒன்று தள்ளிய சுமையை அடுத்தது தாங்க முடியாமல் அதற்கடுத்ததின் மேல் தள்ளும். லொப்சாங் என்ற சிஷ்யப் பையன் எந்தப் பயிற்சியும் இல்லாமல் நடுவில் நின்று, இதைத் திற, அதை மூடு என்று கத்திக் கத்திச் சமன் செய்வான். ப்ரொடக்‌ஷன் சிஸ்டம் ஒன்று சரம்சரமாக விழுவதை ராத்திரி ரெண்டு மணிக்குப் பார்த்தவர்களுக்கு அந்தப் பக்கங்களில் வியர்க்கும்.

இவ்வளவு துல்லியம் எப்படி? பிராட்செட் முழுநேர எழுத்தாளர் ஆவதற்கு முன் பிரிட்டனின் அரசு மின்வாரியத்தில் பத்திரிகைத் தொடர்பு அதிகாரியாக இருந்தார். சில அணுமின் நிலையங்கள் அவர் பொறுப்பில். 1987இல் வேலையை விட்டார். அவர் அங்கே இருந்த காலத்தில் அதே வாரியம் வேல்ஸில் டினோர்விக் என்ற நிலையத்தைக் கட்டி முடித்தது. 1984இல் முழுசாக இயங்க ஆரம்பித்தது. பழைய ஸ்லேட் குவாரி இருந்த ஒரு மலையைக் குடைந்து, உள்ளேயே டர்பைன்களை வைத்திருக்கிறார்கள். மேலே ஒரு ஏரி, கீழே ஒரு ஏரி. ராத்திரி யாரும் கரண்ட் கேட்காதபோது தண்ணீரை மேலே ஏற்றுவார்கள். டிவியில் பெரிய மேட்ச் முடிந்து ஊரே ஒரே நேரத்தில் டீ போடக் கெட்டிலைத் தட்டும்போது, தண்ணீரைக் கீழே விட்டு சில நொடிகளில் ஆயிரம் மெகாவாட்டுக்கு மேல் கொடுப்பார்கள்.

மலைக்குள் மறைந்திருக்கும் கூடம். சுழலும் உருளைகள். சும்மா கிடப்பதை எடுத்து வைத்து அவசரத்துக்கு விடுவது. ரெண்டையும் முடிச்சுப் போடுறது நான்தான், பிராட்செட் அப்படிச் சொன்னதா நான் எங்கேயும் படிக்கல. ஆனா மின்வாரியத்தில் உட்கார்ந்திருந்த ஒருத்தருக்கு இந்தக் கற்பனை வானத்திலிருந்து விழுந்திருக்காது.

டினோர்விக் மாதிரி நிலையங்களைப் பற்றி முக்கியமான ஒரு கணக்கு இருக்கிறது. அவை மின்சாரத்தை உற்பத்தி செய்வதில்லை. நாலு யூனிட் போட்டு ஏற்றினால் சுமார் மூணு யூனிட்தான் திரும்பும். நஷ்டத்தோடு இடம் மாற்றுகிறார்கள், அவ்வளவுதான். துறவிகளின் மதமும் இதுதான். விவசாயம் என்று சொன்னாலும் விதைத்து முளைத்து வருகிற நேரம் எதுவும் அங்கே கிடையாது. எவன் வயலிலிருந்தோ எடுத்து எவன் வயலுக்கோ விடுகிறார்கள். ஆகவே அந்த மதத்தில் கேட்க வேண்டிய ஒரே கேள்வி, யாருடைய நேரம் 'சும்மா கிடக்கு'ன்னு முடிவு பண்றது யாரு? காட் மீனை யாரும் கேட்கவில்லை. நாவலே அதை ஒரு சிரிப்போடு தாண்டிப் போய்விடுகிறது. எனக்குத் தாண்ட முடியல.

ஏன்னா கேம் உலகத்தில் இது நிஜமாகவே நடந்தது. நேரத்தைப் போட்டுத் திரும்பத் திரும்ப அதே வேலையைச் செய்து காசு சேர்ப்பதைத்தானே 'ஃபார்மிங்' என்கிறோம்? 2000களில் சீனாவில் இதற்குப் பட்டறைகளே இருந்தன. 12 மணி நேர ஷிஃப்டில் இளைஞர்கள் உட்கார்ந்து வேர்ல்ட் ஆஃப் வார்கிராஃப்டில் அரக்கனைக் கொன்று தங்கம் எடுப்பார்கள். அந்தத் தங்கம் நிஜக் காசுக்கு அமெரிக்க, ஐரோப்பிய ஆட்டக்காரர்களுக்குப் போகும். வாங்கியவர்கள் வேலைக்குப் போகிறவர்கள், ராத்திரி ரெண்டு மணி நேரம்தான் கிடைக்கும், அதை அரக்கனோடு வீணடிக்க மனசு வராது. 2008இல் மான்செஸ்டர் பல்கலைக்கழகத்தின் ரிச்சர்ட் ஹீக்ஸ் போட்ட மதிப்பீட்டில் உலகம் முழுக்க இந்தத் தொழிலில் சுமார் 4 லட்சம் பேர். கேமில் மற்ற ஆட்டக்காரர்கள் இவர்களைத் திட்டித் துரத்தினார்கள். தங்கம் வாங்கினவனை அந்த அளவுக்கு யாரும் திட்டினதில்லை. அரக்கனைக் கொன்றவனுடைய ராத்திரி காட் மீனுடைய ராத்திரி.

லினக்ஸ் இந்த விஷயத்தில் கொஞ்சம் நேர்மையானது. அதில் ஒவ்வொரு ப்ராசஸுக்கும் 'நைஸ்' என்று ஒரு எண் உண்டு, மைனஸ் 20லிருந்து 19 வரை. எண் கூடக்கூட அந்த ப்ராசஸ் 'நல்ல பிள்ளை': தன் நேரத்தை மற்றவர்களுக்கு விட்டுக்கொடுக்கும். இதில் கவனிக்க வேண்டியது பெர்மிஷன். சாதாரண யூசர் தன்னுடைய நைஸ் எண்ணை எப்ப வேணும்னாலும் ஏற்றிக்கொள்ளலாம். ஏற்றியதைத் திரும்ப இறக்க வழக்கமாக ரூட் வேண்டும். அதாவது, உன் நேரத்தை நீயா தானம் பண்ணலாம், மனசு மாறிக் கேட்டா மேலிடத்து அனுமதி வேணும். ஐடி வேலையில் பத்து வருஷம் இருந்தவங்க யாருக்கும் இதை மேன் பேஜ் வச்சு விளக்க வேண்டாம்.

பிராட்செட்டின் துறவிகளுக்கு எதிர்ப்பக்கம் ஒரு கூட்டம் இருக்கிறது, ஆடிட்டர்கள். சாம்பல் நிற அங்கி, முகம் கிடையாது. பிரபஞ்சம் ஒழுங்காக, அசையாமல் இருந்தால் கணக்கு வைக்கச் சுலபம் என்பதால் ஒரு கண்ணாடிக் கடிகாரம் செய்யவைத்து காலத்தையே நிறுத்தப் பார்க்கிறார்கள். எப்படித் தோற்கிறார்கள் என்று சொல்ல மாட்டேன். சாக்லேட்டுக்கு அதில் பங்கு உண்டு என்பதோடு நிறுத்திக்கொள்கிறேன்.

சாம்பல் ஆட்கள் என்றதும் சிலருக்கு வேறொரு புத்தகம் ஞாபகம் வந்திருக்கும். மிஹாயேல் எண்டே ஜெர்மனில் 1973இல் எழுதிய 'மோமோ'. ஜெர்மனியில் இருக்கிற நம்மாட்களின் பிள்ளைகள் பலர் இதைப் படித்திருப்பார்கள், புத்தகம் வீட்டு ஷெல்ஃபிலேயே இருக்கலாம். அதில் நேரம் நிஜமாகவே ஒரு பயிர். ஒவ்வொரு மனிதனுடைய நேரமும் பூவாக மலர்கிறது, வாடுகிறது, அடுத்த பூ மலர்கிறது. சாம்பல் மனிதர்கள் நேரச் சேமிப்பு வங்கி என்ற பெயரில் ஊருக்குள் வந்து இந்தப் பூக்களை அறுவடை செய்து போய், உறையவைத்து, இதழ்களைக் காயவைத்துச் சுருட்டாகச் சுருட்டிப் பிடிக்கிறார்கள். சுருட்டு அணைந்தால் ஆளே காணாமல் போய்விடுவான். அவர்களுக்கென்று சொந்த நேரம் கிடையாது.

அதில் ஃபூசி என்று ஒரு முடிதிருத்துபவர். வயது 42. சாம்பல் மனிதன் கடைக்கு வந்து உட்கார்ந்து, கண்ணாடியில் கணக்குப் போடுகிறான். 42 வருஷம் என்றால் 132,45,12,000 நொடிகள். இதில் தூக்கத்துக்கு இவ்வளவு, வேலைக்கு இவ்வளவு, சாப்பாட்டுக்கு இவ்வளவு. காது மந்தமான வயசான அம்மாவோடு தினம் ஒரு மணி நேரம் உட்கார்ந்து பேசுகிறார், அது இவ்வளவு. நடக்க முடியாத ஒரு பெண்ணுக்குப் பூ கொண்டுபோய்க் கொடுக்கிறார், அது இவ்வளவு. கடைசியில் கூட்டினால் மிச்சம் பூஜ்யம். ஆகவே சேமிக்கணும். எப்படி? அம்மாவோடு பேசுவதை நிறுத்து. சுமாரான செலவில் நல்ல முதியோர் இல்லம் ஒன்றில் சேர்த்துவிடு.

குழந்தைகள் புத்தகம் அது. நான் படிச்சது ரயிலில், லேப்டாப் பையை மடியில் வச்சுக்கிட்டு. அந்தக் கணக்கில் தப்பு எங்கே என்று யோசித்துப் பார்த்தேன். பெருக்கல் எல்லாம் சரி. வரிகளின் பெயர்தான் தப்பு. அம்மாவோடு பேசுகிற நேரம் செலவுப் பத்தியில் எழுதப்பட்டிருக்கிறது. கடையில் கத்தரி பிடிக்கும் நேரத்துக்கு ஒரு விலை உண்டு, அம்மாவிடம் பேசும் நேரத்துக்கு விலை இல்லை, விலை இல்லாததால் அது 'சும்மா கிடக்கிற' நேரம். ஆழ்கடல் நேரம்.

என் பொழைப்புக்கு வரேன். நான் இங்கிலாந்துல டே ரேட் காண்ட்ராக்ட்ல இருக்கேன். டைம்ஷீட்டில் கால் நாள், அரை நாள் என்று நிரப்பி வெள்ளிக்கிழமை அனுப்பணும். என் நேரத்துக்கு விலை எழுதி வச்சிருக்கு, அதனால அதை எடுக்கும்போது யாராவது ஒருத்தர் யோசிப்பார். அதே டீமில் சென்னையில் ஆறு பேர், மாசச் சம்பளம். அவர்களுடைய கூடுதல் ஒரு மணி நேரத்துக்கு எந்த ஷீட்டிலும் வரி கிடையாது. நாங்கள் தினமும் மதியம் மூன்று மணிக்கு ஸ்டாண்டப் வைப்போம். கோடையில் அது அவர்களுக்கு இரவு ஏழரை.

அக்டோபர் கடைசி ஞாயிறு இங்கே கடிகாரத்தை ஒரு மணி நேரம் பின்னால் தள்ளுவார்கள். ஆபீஸ் சாட்டில் ஒவ்வொரு வருஷமும் அதே சந்தோஷம்: ஒரு மணி நேரம் எக்ஸ்ட்ரா தூக்கம்! இந்தியாவிலும் இலங்கையிலும் கடிகாரம் நகராது. திங்கட்கிழமை எங்களுக்கு ஸ்டாண்டப் அதே மூணு மணி. அவர்களுக்கு எட்டரை. சென்னையிலிருந்து ஒரு தம்பி எனக்கு மெசேஜ் போட்டான்: "ணா, உங்க ஊர்ல இந்த ஞாயிறு டைம் மாறுதா? அப்ப இனி எட்டரைதானா?" அவனுக்கு மூணு வயசுப் பொண்ணு, எட்டரைக்குத் தூங்கும். மார்ச் வரைக்கும் அஞ்சு மாசம், வாரத்தில் அஞ்சு நாள் அவன் அந்த நேரத்தில் எங்களிடம் நேற்று என்ன செய்தேன், இன்று என்ன செய்வேன் என்று சொல்லிக்கொண்டிருப்பான். காவிரிக்காரங்க கடைமடைன்னு சொல்வாங்களே, மேட்டூரில் எவ்வளவு திறந்தாலும் கடைசியில் போய்ச் சேர்ந்தால்தான் உண்டு என்கிற வயல், அது மாதிரி.

லீப் செகண்டை எப்படிக் கையாண்டோம் என்பதோடு இதை ஒப்பிட்டுப் பாருங்கள். எபிசோடில் விவரமாகச் சொன்னதால் சுருக்கமாக: 1972லிருந்து 2016 வரை 27 முறை ஒரே ஒரு நொடியைக் கூட்டினோம். 2012 ஜூன் 30 அன்று சேர்த்த நொடியில் லினக்ஸ் கெர்னலில் இருந்த ஒரு பக் கிளம்பி, ரெடிட்டிலிருந்து குவாண்டாஸ் விமான செக்-இன் வரைக்கும் தடுமாறியது. கூகுள் அந்த நொடியைப் பொடிப்பொடியாக்கி மணிக்கணக்கில் தூவிவிடும், எந்த மெஷினுக்கும் அதிர்ச்சி தெரியாது. ஸ்மியர் என்று அதற்குப் பெயர். துறவிகள் பார்த்தால் கையெடுத்துக் கும்பிடுவார்கள். 2022இல் உலக நாடுகள் பாரிஸ் பக்கத்தில் கூடி, 2035க்குள் இந்தத் தொல்லையே வேண்டாம் என்று முடிவெடுத்தன. ஒரு நொடிக்கு, அதுவும் மெஷின்களுடைய நொடிக்கு, இத்தனை மரியாதை. ஆறு பேருடைய அஞ்சு மாச ராத்திரிக்கு ஒரு ஈமெயில் கூடப் போகாது.

என் ப்ராஜெக்டில் இது எவனோ வில்லன் உட்கார்ந்து செய்த சதி இல்லை என்பதுதான் இதில் சுவாரசியம். காலண்டரில் மீட்டிங் போடும்போது டைம்ஸோன் என்று ஒரு ட்ராப்டவுன் இருக்கும். போடுபவர் எந்த ஊரோ அது தானாக அமர்ந்துவிடும். எங்களுடையதில் 'யூரோப்/லண்டன்'. அதனால் லண்டன் கடிகாரம் நகரும்போது லண்டன்காரர்களுக்கு எதுவும் நகராது, மற்ற எல்லாருக்கும் நகரும். அதையே 'ஏஷியா/கொல்கத்தா' என்று மாற்றினால், நகர்வது நாங்கள். ஒரே ஒரு ஃபீல்டு. மீட்டிங்கை உருவாக்கினவரால் மட்டும்தான் மாற்ற முடியும். ரூட்.

ப்ராஜெக்ட் மேனேஜரிடம் கேட்டேன். கெட்டவர் இல்லை. அந்த ட்ராப்டவுனை அவர் அதுவரை திறந்ததே இல்லை. "அப்போ குளிர்காலத்தில் நமக்கு ரெண்டு மணியா? அது லஞ்ச் ஆச்சே" என்றார். ஆமாம், லஞ்ச்தான் என்றேன். கொஞ்ச நேரம் திரையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நாவலில் வருகிற துறவிகள் உருளைக்கு முன்னால் நின்று இப்படித்தான் யோசிப்பார்களோ என்னவோ. வாரத்தில் மூணு நாள் ரெண்டு மணிக்கு, மத்த ரெண்டு நாள் எழுத்தில் அப்டேட் என்று பேசி முடித்தோம்.

கடிகாரம் மாறின முதல் திங்கட்கிழமை ரெண்டு மணிக்கு ஸ்டாண்டப். ரெண்டு பேர் சாண்ட்விச்சோடு வந்தார்கள், ஒருத்தர் மறந்தேபோய் மூணு மணிக்குக் காலியான காலில் உட்கார்ந்திருந்தார். சென்னையில் ஏழரை.

'தீஃப் ஆஃப் டைம்' படிக்க வரிசையில் முன்னாடி எதுவும் படிச்சிருக்கத் தேவையில்லை, நேரா ஆரம்பிக்கலாம். லூ-ட்சேவை ரொம்பப் பிடிச்சுப்போனா 1992இல் வந்த 'ஸ்மால் காட்ஸ்' அடுத்தது. அப்புறம், உங்க டீமோட வாராந்திர மீட்டிங்கில் அந்த ட்ராப்டவுனைத் திறந்து எந்த ஊர் இருக்குன்னு பாருங்க. ஸ்க்ரீன்ஷாட் வேண்டாம், ஊர் பெயர் மட்டும் ரிப்ளை பண்ணுங்க. அடுத்த எபிசோட்ல வாசிக்கிறேன்.